பட்டாணியின் ஏழாவது உருவம்

பக்கத்து வீட்டுக்காரன் மேல் பொறாமைப்படுகிறவர்கள் உண்டு. கூட வேலை பார்க்கிறவன் மேல் பொறாமைப்படுகிறவர்கள் உண்டு. கட்டிய மனைவி மேலேயே, அதுவும் கைபேசியில் ஆடுகிற ஒரு விளையாட்டுக்காக, ஒரு வருடத்துக்கு மேல் வயிறு எரிந்து திரிந்த ஒரு மனுஷரைப் பற்றித்தான் இப்போது சொல்லப் போகிறேன். சிரிக்க வேண்டாம். அவர் இடத்தில் இருந்து பார்த்தால் தெரியும்.

வயது நாற்பத்தெட்டு. மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் பொருத்துகிற வேலை. கடையின் முன்பக்கத்தில் அலமாரியும், குளிர்சாதனமும், சிரித்த முகமாக நிற்கிற பெண்களும். இவர் இருப்பது பின்னால், ஆறடிக்கு எட்டடி அறையில். அங்கே லென்ஸின் ஓரத்தைத் தேய்க்கிற மெஷின், அதன் மேல் எந்நேரமும் சொட்டுகிற தண்ணீர்க் குழாய், எறும்புத் தலை அளவுத் திருகுகள் போட்டு வைத்த டப்பா. முன்னாலிருந்து ஃபிரேமும் ஒரு சீட்டும் வரும். சீட்டில் பவரும், இரண்டு கண்மணிக்கும் நடுவே உள்ள தூரமும் எழுதியிருக்கும். இவர் லென்ஸில் புள்ளி வைத்து, ஓரம் தேய்த்து, ஃபிரேமுக்குள் டக்கென்று உட்கார வைத்து அனுப்புவார். ஒரு மில்லிமீட்டர் நகர்ந்தால் போட்டுக்கொண்டவருக்குத் தலைவலிதான். இருபத்திரண்டு வருடத்தில் தலைவலி என்று திரும்பி வந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். ஆனால் யாருக்கு இவரைத் தெரியும்? புதுக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, "அட, பளிச்சுனு தெரியுதே!" என்று பூரிக்கிறவர்கள் நன்றி சொல்லிவிட்டுப் போவது முன்னால் நிற்கிற பெண்ணிடம்.

மனைவிக்கு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. ஊசி குத்தி ரத்தம் எடுப்பவள். அவள் குத்தினால் குழந்தைகள் அழுவதில்லை. "எடுத்தாச்சா?" என்று பெரியவர்களே கேட்பார்கள். தெருவில் நடந்தால் நாலு பேராவது நின்று, "அக்கா, நல்லா இருக்கீங்களா?" என்று விசாரிப்பார்கள். பக்கத்தில் நடக்கிற இவரை ஒரு பையைப் பார்ப்பது போலப் பார்த்துவிட்டுப் போவார்கள். ஊரில் இவருக்குத் தனியாக ஒரு பெயரே கிடையாது. ஊசி மேடத்தோட வீட்டுக்காரர், அவ்வளவுதான்.

இந்த லட்சணத்தில் டாக்டர் இவருக்குச் சர்க்கரை இருக்கிறது, தினமும் நடக்க வேண்டும் என்று சொல்லிவிட்டார். வெளியூரில் படிக்கப் போய்க்கொண்டிருந்த மகள், கிளம்புகிற அவசரத்திலும் அவருடைய கைபேசியைப் பிடுங்கி அந்த விளையாட்டை ஏற்றிக் கொடுத்தாள்.

"அப்பா, இதுல நடந்தாத்தான் ஜீவன் கிடைக்கும். உக்காந்துக்கிட்டே விரலை ஆட்டினா ஒண்ணும் வராது. பிடிக்கணும், வளர்க்கணும், மாத்தணும், சண்டைக்கு விடணும். புரிஞ்சுதா?"

புரிந்தது. புரிந்ததென்ன, பைத்தியமே பிடித்துவிட்டது. தெருமுனையில் போனால் கைபேசி சிணுங்கும். திரையைப் பார்த்தால் கம்பத்தடியில் மூன்று கண்ணோடு ஒரு தவளை உட்கார்ந்திருக்கும். உருண்டையை எறிந்தால் பிடிபடும். ஊட்டி வளர்த்தால் ஒருநாள் பளபளவென்று மின்னி வேறு உருவம் எடுக்கும். விளையாட்டு இவரிடம் பெயர் கேட்டபோது, வெகு நேரம் யோசித்து 'புயல்' என்று எழுதினார். எவ்வளவு நாளாக மனதுக்குள் வைத்திருந்த பெயரோ!

தனியாக நடக்க ஒரு மாதிரியாக இருந்ததால் மனைவியையும் இழுத்தார். அதுதான் அவர் செய்த முதல் தப்பு. அவள் வேண்டாவெறுப்பாகத்தான் கைபேசியை நீட்டினாள்.

"பேரு கேக்குதே, என்னன்னு போட?"

"உனக்குப் பிடிச்சதைப் போடு."

"ஐயோ, எனக்கு எதுக்குங்க இதெல்லாம்? நான் சும்மாதானே வரேன்."

பெயரும் 'சும்மா' என்றே போட்டுவிட்டாள். அப்போதே புயலும் சும்மாவும் விளையாட்டுக்குள் ஒருவரையொருவர் நண்பராகச் சேர்த்துக்கொண்டார்கள். அன்று வெள்ளிக்கிழமை, விடுமுறை நாள், பகல் பன்னிரண்டு மணி. விளையாட்டு அந்த நிமிஷத்தைக் குறித்து வைத்துக்கொண்டது. எப்படிப் பிடிப்பது, எப்படி ஊட்டுவது, எப்படிச் சண்டைக்கு விடுவது என்று எல்லாவற்றையும் இவர்தான் சொல்லிக் கொடுத்தார். அந்த ஒரு வாரம் அவர் முகத்தில் இருந்த களையை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

இரண்டாவது மாதம் அவள் அவரைத் தாண்டிவிட்டாள். நாலாவது மாதம் வட்டாரப் பட்டியலில் முதலாவதாக நின்றது 'சும்மா'. புயல் முப்பத்தெட்டாவது இடத்தில் அடித்துக்கொண்டிருந்தது. இவர் ஒரு மணி நேரம் வியர்க்க விறுவிறுக்க நடந்து ஒரு வௌவாலோடு திரும்பி வருவார். அவள் துணி காயப்போட மாடிக்குப் போன இடத்தில், எவருக்கும் கிடைக்காத ஒரு வெள்ளை யானைக்குட்டியைப் பிடித்துக்கொண்டு இறங்கி வருவாள். வந்து, "ஏங்க, இது நல்லதா?" என்று வேறு கேட்பாள். தெரியாமல்தான் கேட்டாள், பாவம். இவருக்கோ வேண்டுமென்றே குத்திக் காட்டுவது போல இருக்கும். "ம், பரவாயில்லை" என்பார். உள்ளே பற்றிக்கொண்டு எரியும்.

அதிர்ஷ்டம் என்று சொல்லி மனதைத் தேற்றிக்கொள்ளப் பார்த்தார். அதற்கும் வழியில்லை. அவள் படித்தாள். விளையாட்டுக்குள் எங்கெங்கோ பொடி எழுத்தில் எழுதியிருக்கிற அத்தனை விதிகளையும், ரத்தச் சீட்டைப் படிக்கிற மாதிரி ஒரு வரி விடாமல் படித்தாள். இவர் எதையும் படிக்கிற ஆள் இல்லை. கண்ணில் பட்டதை அழுத்துவார். சீட்டில் இருக்கிற மில்லிமீட்டரை உயிராக மதிக்கிற மனுஷர், விளையாட்டில் மட்டும் ஏன் இப்படிக் கண்ணை மூடிக்கொண்டு ஓடினாரோ!

ஞாயிற்றுக்கிழமை காலையில் பூங்காவில் பத்துப் பன்னிரண்டு பேர் கூடுவார்கள். எல்லாரும் இந்த விளையாட்டு ஆடுகிறவர்கள். அவர்களுக்குத் தலைவர் மாதிரி இருந்தவர் ஒரு பஸ் கண்டக்டர். வாய்விட்டுச் சிரிக்கிற ஆள். முதல்நாள் இவரைப் பார்த்து, "வாங்க சார், நீங்க யாரு?" என்றார். "புயல்" என்றார் இவர், நெஞ்சை நிமிர்த்தி. கண்டக்டர் முதல் இருபது பேர் பட்டியலை மேலேயும் கீழேயும் தள்ளித் தேடினார். கிடைக்கவில்லை. அதற்குள் பின்னால் வந்த மனைவியைப் பார்த்து யாரோ, "ஐயையோ, சும்மா இவங்கதான்!" என்று கத்த, கூட்டம் மொத்தமும் அவளைச் சுற்றிக்கொண்டது. இவர் இரண்டு பேருடைய தண்ணீர் பாட்டிலையும் பிடித்துக்கொண்டு ஓரமாக நின்றார்.

இனி மொட்டுக்கு வருவோம். கதையே அதில்தான் இருக்கிறது.

மொட்டு என்பது அந்த விளையாட்டில் வருகிற ஒரு ஜீவன். உருளைக்கிழங்குக்குக் காது முளைத்தால் எப்படி இருக்கும், அப்படி. பார்க்க உப்புச் சப்பில்லாமல் இருக்கும். ஆனால் அது ஆறு விதமாக மாறக்கூடியது. சிவப்புக் கல் கொடுத்தால் நெருப்பு வாலோடு ஒரு நரி. நீலக் கல்லுக்குச் செதில், பச்சைக் கல்லுக்கு இலை. இப்படி ஆறு கல், ஆறு உருவம். கண்ணாடிக்காரர் பிடித்த ஐந்து மொட்டுக்கும், கையில் கிடைத்த சிவப்புக் கல்லை உடனே கொடுத்துத் தீர்த்தார். ஐந்தும் நரி. பொறுமை என்றால் என்ன விலை என்று கேட்கிற ஆள்.

அவள் ஒரே ஒரு மொட்டைத்தான் வைத்திருந்தாள். அதற்குப் பட்டாணி என்று பெயர். ஒரு கல்லும் கொடுக்கவில்லை. ஏனென்றால் ஏழாவதாக ஓர் உருவம் உண்டு என்று அவள் படித்திருந்தாள். ஒரு வருடம் கல்லே கொடுக்காமல் கூடவே நடத்தி வளர்க்க வேண்டும். பிறகு, நானூறு நாள் முழுசாக நண்பராக இருந்தவர் ஒருவர் கையில் அதை ஒப்படைக்க வேண்டும். அவர் தன்னுடைய ஜீவன் ஒன்றைப் பதிலுக்குக் கொடுப்பார். கை மாறியதும் அவர் திரையில்தான் அது மின்ன ஆரம்பிக்கும். மாறி முடிந்ததும் திருப்பி வாங்கிக்கொள்ளலாம். மின்னுகிற பத்து நொடியும் திரையின் கீழே சின்னதாக ஒரு பெருக்கல் குறி இருக்கும். வளர்த்தது குட்டியாகவே இருக்கட்டும் என்று ஆசைப்படுகிறவர்களுக்காக வைத்தது. அதை அழுத்தினால் மாற்றம் நின்றுவிடும். மொட்டைப் பொறுத்தவரை ஒரு தடவை நின்றால் நின்றதுதான். அப்புறம் ஆயுசுக்கும் உருளைக்கிழங்கு.

அவர்கள் வட்டாரத்தில் ஏழாவது உருவத்தைப் படத்தில்தான் பார்த்திருக்கிறார்கள். அது கிடைத்தே ஆக வேண்டும் என்கிற நிலைமையும் வந்தது. பாலத்துக்கு அந்தப் பக்கம் ஒரு குழு. அவர்களிடம் ஓர் ஆமை. எதை விட்டாலும் ஓட்டில் கீறல்கூட விழாது. கண்டக்டரின் ஆட்கள் மூன்று மாதமாக அதனிடம் தோற்றுத் தோற்று முகம் சுண்டிப்போயிருந்தார்கள். ஆமையைக் கவிழ்க்கக்கூடியது அந்த ஏழாவது உருவம் ஒன்றுதான். அடுத்த ஞாயிறு கடைசிச் சண்டை. அதற்கு முந்தின நாள், சனிக்கிழமை பகல் பன்னிரண்டு மணிக்குப் புயலும் சும்மாவும் நண்பர்களாகி நானூறு நாள் முடிகிறது.

கண்டக்டர் கையெடுத்துக் கும்பிடாத குறையாகக் கேட்டார். "மேடம், உங்களைத்தான் நம்பியிருக்கோம். நான்கூட உங்க நண்பர் பட்டியல்ல இருக்கேன், ஆனா இருநூறு நாள்தான் ஆச்சு. சார் ஒருத்தரால மட்டும்தான் முடியும்."

சார் ஒருத்தரால மட்டும்தான் முடியும்! அன்றைக்கு முழுவதும் அந்த வாக்கியத்தை மிட்டாய் மாதிரி வாயில் போட்டுச் சுவைத்துக்கொண்டிருந்தார் நம் கண்ணாடிக்காரர். மனைவியிடம் என்றுமில்லாத குழைவு. "நீ கவலைப்படாதே, நான் பாத்துக்கறேன்" என்றார். மனதாரத்தான் சொன்னார். இதை நான் அடித்துச் சொல்வேன். சனிக்கிழமை காலைவரை அந்த மனுஷர் மனதில் கள்ளமே இல்லை.

சனிக்கிழமை பன்னிரண்டு அடிக்க ஐந்து நிமிஷம் இருக்கும்போது அவள் கடைக்கு வந்துவிட்டாள். சாயங்காலம்வரை பொறுக்க முடியவில்லை. வேலையிடத்தில் அரை மணி நேரம் அனுமதி கேட்டு, வெள்ளைக் கோட்டைக்கூடக் கழற்றாமல் ஓடி வந்திருந்தாள். முகமெல்லாம் சிரிப்பு. இவர் மெஷினை நிறுத்திவிட்டு, ஈரக் கையைத் துணியில் துடைத்தபடி முன்பக்கம் வந்தார்.

அங்கே ஒரு பல் டாக்டர் உட்கார்ந்திருந்தார். பதினைந்து வருட வாடிக்கையாளர். அவருக்கு மூக்கு ஒரு பக்கம் லேசாகச் சாய்ந்திருக்கும். ஃபிரேமை இடது பக்கம் ஒரு நூல் அளவு தூக்கி வளைக்காவிட்டால் கண்ணாடி நேராக உட்காராது. பதினைந்து வருடமாக, யாரும் சொல்லாமல், இவர்தான் அதை வளைத்து அனுப்புகிறார். மாற்றிய கண்ணாடி பதினொன்று. அந்த டாக்டர் அவளைப் பார்த்ததும் விருட்டென்று எழுந்தார்.

"நீங்க... சும்மா தானே? பூங்கால எடுத்த உங்க படத்தை வாட்ஸ்அப் குழுவுல பாத்தேன். நானும் ஆடுறேங்க! உங்க யானைக்குட்டியைப் பாத்து எங்க வீட்டுல எல்லாரும் அசந்து போயிட்டோம்."

"அதெல்லாம் ஒண்ணும் இல்லைங்க" என்று கூசினாள் அவள்.

"ஒரு போட்டோ எடுத்துக்கலாமா?" டாக்டர் திரும்பி, தன் கைபேசியை இவரிடம் நீட்டினார். "தம்பி, கொஞ்சம் எடுத்துக் குடுங்க."

இவர் எடுத்துக் கொடுத்தார். அவள் அவசரமாக, "இவர் என் வீட்டுக்காரர்" என்றாள். டாக்டர் இவரை முதல் தடவையாக ஏற இறங்கப் பார்த்தார்.

"அப்படியா! ரொம்ப சந்தோஷம். சாரும் கண்ணாடி வாங்கத்தான் வந்தீங்களா?"

பதினைந்து வருடம். பதினொரு கண்ணாடி. அந்தக் கேள்வி காதில் விழுந்த கணம் அவருக்கு உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால்வரை திகுதிகுவென்றது. டாக்டர் மேல் கோபம் வந்திருந்தால் நியாயம். வந்தது என்னவோ மனைவி மேல். எங்கே போனாலும் வந்துவிடுகிறாளே! இருக்கிறது ஆறடிக்கு எட்டடி, அங்கேயும் வந்து நின்று, என்னை யாருமில்லாமல் ஆக்கிவிட்டாளே! அவர் அப்படித்தான் நினைத்தார். ஒரு வார்த்தையும் நான் சேர்க்கவில்லை.

"ஏங்க, மணி ஆயிடுச்சு, வாங்க" என்று அவள் பின்னறைக்குள் இழுத்தாள். இரண்டு கைபேசியையும் மேஜையில் திருகு டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்தார்கள். அவள் பட்டாணியை அனுப்பினாள். இவர் பதிலுக்கு ஒரு நரியை அனுப்பினார். நரி அவள் திரையில் வந்து இறங்கி, வாலை ஆட்டிக் குட்டிக்கரணம் போட்டது. அவள் அதைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

இவர் திரையில் பட்டாணி வந்து நின்றது. காதை ஆட்டியது. மின்ன ஆரம்பித்தது. கீழே பெருக்கல் குறி.

பத்து நொடி என்பது கொஞ்ச நேரம் என்று நினைக்காதீர்கள். அந்தப் பத்து நொடியில் நாளைய ஞாயிற்றுக்கிழமை முழுவதும் அவருக்குத் தெரிந்துவிட்டது. ஆமை கவிழும். கூட்டம் குதிக்கும். கண்டக்டர் அவளைப் பாராட்டிப் பேசுவார். பல் டாக்டர்கூட வருவார். இவர் தண்ணீர் பாட்டிலோடு நிற்பார். ஒரே ஒரு தடவை, ஒரே ஒரு தடவை இவளுக்கும் ஒன்று நடக்காமல் போனால்தான் என்ன?

லென்ஸைத் தொட்டுத் தொட்டுத் தேய்ந்த கட்டைவிரல், கொஞ்சமும் நடுங்காமல் அந்தப் பெருக்கல் குறியின் மேல் இறங்கியது.

மின்னல் நின்றது. உருளைக்கிழங்கு உருளைக்கிழங்காகவே காதை ஆட்டியது.

"என்னாச்சுங்க? மாறிடுச்சா? காட்டுங்க, காட்டுங்க!"

"ஒண்ணும் ஆகலையே" என்றார். குரல் எவ்வளவு சாதாரணமாக வந்தது என்பதில் அவருக்கே ஆச்சரியம். "அப்படியேதான் இருக்கு. நீ ஏதாவது விட்டிருப்ப."

அவள் முகத்தில் இருந்த சிரிப்பு எங்கே போனதென்று தெரியவில்லை. பட்டாணியைத் திருப்பி வாங்கிக்கொண்டாள். நின்றபடியே திரையை எப்படியெப்படியோ தள்ளி எதையோ படித்தாள். ஒரு நிமிஷம் இருக்கும். பிறகு, "சரிங்க, நேரமாச்சு. நான் போறேன்" என்று கைபேசியைக் கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

கண்ணாடிக்காரர் மெஷினைத் திரும்ப ஓட்டினார். கொஞ்ச நேரத்துக்கு, உண்மையைச் சொல்லிவிடுகிறேன், ஜிலுஜிலுவென்றிருந்தது அவருக்கு. அன்று மத்தியானம் ஒரு லென்ஸை ஒன்றரை மில்லிமீட்டர் தள்ளித் தேய்த்துப் பாழாக்கினார். எத்தனையோ வருடத்தில் நடக்காத காரியம்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது அவள் குழுவில் எழுதியிருந்தாள்: 'பட்டாணி மாறவில்லை. தப்பு என்னுடையது. எல்லாரும் மன்னிக்க வேண்டும்.' இவர் அதை மூன்று தடவை படித்தார். தப்பு என்னுடையது என்று அவளே எழுதிவிட்டாள்! நிம்மதியாக இருந்திருக்க வேண்டும். ஆனால் தட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டே உட்கார்ந்திருந்தார். அவள் எப்போதும் போல, "இன்னும் கொஞ்சம் போடவா?" என்று கேட்டாள். கண் மட்டும் கொஞ்சம் வீங்கியிருந்தது. "தலைவலிங்க" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை அந்தப் பக்கத்துக் குழு ஆமையோடு வந்தது. இருபது நிமிஷத்தில் எல்லாம் முடிந்தது. யானைக்குட்டி கடைசிவரை தாக்குப்பிடித்தது, பிரயோஜனமில்லை. அவர்கள் விசிலடித்துக்கொண்டு போனார்கள். இவர்கள் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார்கள். கண்டக்டர் முகத்தில் ஈயாடவில்லை.

"எனக்குப் புரியவே இல்லை மேடம். நானூறு நாள் சரி, ஒரு வருஷம் சரி, கல்லும் குடுக்கலை. அப்புறம் எப்படி மாறாம இருக்கும்? ஒரு நிமிஷம் உங்க போனைக் குடுங்க."

"எதுக்குங்க?"

"சரித்திரப் பக்கம் பாக்கலாம். ஒவ்வொரு ஜீவனுக்கும் ஒண்ணு இருக்குமே. எங்க பிடிச்சது, யாரு கைக்குப் போச்சு, எப்ப மாறிச்சு, மாறாம யாரு நிறுத்தினாங்க, எல்லாம் பேரோட எழுதியிருக்கும்."

 அப்படி ஒரு பக்கம் இருப்பதே கண்ணாடிக்காரருக்கு அந்த நிமிஷம்தான் தெரியும். விளையாட்டைச் சொல்லிக் கொடுத்த வாத்தியார் அவர்! பேரோடு எழுதியிருக்குமாம். நிறுத்தியவர்: புயல். பன்னிரண்டு பேர் முன்னால். இதற்கா அவ்வளவு நேரம் யோசித்துப் பெயர் வைத்தார்? தண்ணீர் பாட்டிலை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். 

அவள் கைபேசியைக் கொடுக்கவில்லை. மடியில் கவிழ்த்து வைத்துக்கொண்டாள்.

"பாக்க வேண்டாம் அண்ணே. நான்தான் நிறுத்தச் சொன்னேன்."

"என்னது?"

"அது மின்ன ஆரம்பிச்சதும் எனக்கு மனசு கேக்கலை. ஒரு வருஷமா அந்த மூஞ்சியைப் பாத்துப் பாத்து நடந்துட்டேன். 'நிறுத்துங்க, நிறுத்துங்க'ன்னு கத்திட்டேன். பாவம், இவரு என்ன பண்ணுவாரு, நிறுத்திட்டாரு. என்னைத் திட்டுங்க."

 கண்டக்டர் தலையில் அடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தார். "போங்க மேடம்! ஊரு ரத்தத்தையெல்லாம் உறிஞ்சறீங்க, ஒரு உருளைக்கிழங்குக்கு மனசு கேக்கலையா?" எல்லாரும் சிரித்தார்கள். ஒரு கல்லூரிப் பெண் வந்து அவள் தோளைக் கட்டிக்கொண்டாள். "விடுங்கக்கா, பட்டாணி இப்படியே இருக்கட்டும்" என்றாள். தோற்ற கூட்டம் மாதிரியே இல்லை.

இவரை ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. பிழைத்துவிட்டார். பிழைத்தவருக்கு என்ன தோன்றியிருக்க வேண்டும்? வெட்கம், நன்றி, அழுகை. எல்லாம் தோன்றியதுதான். ஆனால் எல்லாவற்றுக்கும் மேலே அதே பழைய எரிச்சல் வந்து உட்கார்ந்துகொண்டது. தோற்றாலும் இவளைத்தான் கட்டிக்கொள்கிறார்கள். பெருந்தன்மைகூட இவளுக்குத்தான் வாய்த்திருக்கிறது. என் தப்பை எடுத்துத் தன் தலையில் போட்டுக்கொண்டு, அதிலும் என்னைவிட உசந்துவிட்டாளே! இப்படி ஒரு மனுஷன் இருப்பானா என்று கேட்காதீர்கள். இருந்தார். 

வீட்டுக்குத் திரும்பி நடந்தார்கள். மூன்றாவது தெருவில்தான் அவருக்கு வாய் திறந்தது.

"உனக்கு எப்ப தெரியும்?"

"நேத்து கடையிலயே தெரியும். வாங்கின உடனே பாத்தேன்."

"அப்பவே கேட்டிருக்கலாமே."

"கேட்டா என்ன சொல்லியிருப்பீங்க? கை தவறிப் பட்டுடுச்சும்பீங்க. ஏற்கெனவே ஒரு பொய் சொல்லிட்டீங்க, ரெண்டாவது எதுக்குன்னு விட்டுட்டேன்."

அவர் அப்படித்தான் சொல்லியிருப்பார். அந்தக் 'கை தவறி'யை நாக்கு நுனியில் தயாராகத்தான் வைத்திருந்தார்.

"ரொம்ப வருத்தமா உனக்கு?"

"அழுதேங்க. ரத்தம் எடுக்கிற ரூம்ல, கதவைச் சாத்திக்கிட்டு. ஒரு வருஷம்ங்க." அவள் நடையை நிறுத்தவில்லை. "என்மேல உங்களுக்கு இவ்வளவு காய்ச்சல் இருக்கும்னு தெரியாது. தெரிஞ்சிருந்தா ஆடியே இருக்க மாட்டேன். எனக்கு இது பெருசா என்ன? நீங்க கூப்பிட்டீங்கன்னுதான் வந்தேன்."

 "தப்புதான்" என்றார். இருபத்துநாலு வருடத் தாம்பத்தியத்தில் அந்த வார்த்தை அவர் வாயிலிருந்து வந்தது இரண்டாவது தடவையோ மூன்றாவது தடவையோ. அவள் தலையை ஆட்டினாள். கோபமாகக்கூட இல்லை.

தெரு திரும்புகிற இடத்தில் அவள் கைபேசி சிணுங்கியது. எடுத்துப் பார்த்தாள். குழாயடியில் ஒரு புது மொட்டு உட்கார்ந்திருந்தது. ஒரே உருண்டையில் பிடித்துவிட்டாள். அவரும் எட்டிப் பார்த்தார். செய்த தப்பைச் சரிக்கட்ட இது ஒரு வழி என்று அவருக்குத் தோன்றியது. ஆசையாக இருந்தது.

"இதை வளர்க்கலாம். கல்லு ஏதும் குடுக்காதே. ஒரு வருஷம்தானே, கண்ணை மூடித் திறக்கிறதுக்குள்ள ஓடிடும். நானூறு நாள் நமக்கு ஏற்கெனவே ஆயிடுச்சு. நான் இருக்கேன்ல?"

அவள் கைபேசியைப் பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தாள்.

"கண்டக்டர் அண்ணனுக்கு இருநூறு நாள் ஆச்சுங்க. இதை வளர்த்து முடிக்கிறதுக்குள்ள நானூறு தாண்டிடும். அவர்கிட்ட குடுத்து மாத்திக்கறேன்."

"அவர் எதுக்கு? நான்தான் இருக்கேன்னு சொல்றேனே."

"இருக்கீங்க" என்றாள். "ஆனா உங்ககிட்ட குடுக்க பயமா இருக்குங்க."

எவ்வளவோ பேருக்கு ஊசி குத்தியவள். வலிக்காமல் குத்தத் தெரிந்தவள். இதையும் அவள் வலிக்க வேண்டும் என்று சொல்லவில்லை. உள்ளதைச் சொன்னாள். சொல்லிவிட்டு, வண்டி வருகிறதா என்று இரண்டு பக்கமும் பார்த்து, அவர் கையைப் பிடித்துச் சாலையைக் கடக்க வைத்தாள்.

அதன் பிறகு அவர் பட்டியலைப் பார்ப்பதை நிறுத்திவிட்டார். யானைக்குட்டியும் முதலிடமும் இப்போது அவருக்கு ஒரு பொருட்டே இல்லை. தினமும் காலையில் அவள் கைபேசியை மேஜையில் வைத்துவிட்டு வேலைக்குக் கிளம்பத் தலை வாருகிற நேரத்தில், அவளுடைய நண்பர் பட்டியலைத் திறந்து கண்டக்டரின் பெயருக்கு நேரே எத்தனை நாள் என்று பார்க்கிறார். இன்றைக்கு இருநூற்று நாற்பத்தொன்று.